பல்லு சேருதுங்களா?

"கம்பி கட்டறதுங்களா, பிளேட்டு வெக்கறதுங்களா?" தாடை உடைந்து வந்தவரின் வீட்டார் முதலில் கேட்பது இதைத்தான். கேட்கிற தோரணையைக் கவனித்தால் உள்ளே வேறொரு கேள்வி இருப்பது தெரியும்: சாதாவா, ஸ்பெஷலா? கம்பி என்றால் மலிவு, பிளேட் என்றால் உசத்தி என்று மனதுக்குள் ஒரு விலைப்பட்டியல் ஓடிக்கொண்டிருக்கும். கூட்டத்திலிருந்து மாமனோ மச்சானோ ஒருத்தர் முன்னால் வந்து, "காசப் பத்தி ரோசன பண்ணாதீங்க, உசத்தியாவே போட்டுருங்க" என்பார். நம் கொங்குச் சீமையில் ஆபத்துக்கு உறவுக்காரர்கள் கையைச் சுருக்க மாட்டார்கள். ஆனால் இந்த இடத்தில் அந்தத் தாராளம்தான் எனக்கு உறுத்துகிறது. கம்பியின் உயர்ந்த ரகம் பிளேட் என்பது தவறான கணக்கு. கம்பி பற்களைக் கட்டி வாயைப் பூட்டுகிறது, பிளேட் உடைந்த எலும்பிலேயே ஸ்க்ரூவால் உட்காருகிறது. இரண்டும் இரண்டு விதமாக வேலை செய்கின்றன, இரண்டு விதமாகக் கெட்டுப்போகின்றன. எந்த இடத்தில், எத்தனை துண்டாக, யாருக்கு உடைந்திருக்கிறது என்று பார்க்காமல் இதுவா அதுவா என்று கேட்பது, சக்கரத்தில் கோளாறா எஞ்சினில் கோளாறா என்று தெரியாமலே ஸ்பேர் பார்ட்ஸ் வாங்கக் கிளம்புவது மாதிரி.

மறுபக்கத்தில் இன்னொரு கேள்வியும் வரும். "மாவுக்கட்டு போட்டா பத்தாதுங்களா?" கை, கால் என்றால் வெளியே கட்டுப்போட்டு அசையாமல் வைக்கலாம். முட்டை வெள்ளைக்கருவும் உளுந்து மாவும் குழைத்து நாட்டு வைத்தியர் போடும் கட்டின் தத்துவமும் அதுதான். தாடையில் அந்தக் கட்டு தோலைப் பிடிக்குமே தவிர எலும்பைப் பிடிக்காது. மெல்லும் தசைகள் உடலிலேயே முரட்டுத்தனமானவை. உடைந்த துண்டுகளை ஆளுக்கொரு பக்கம் அவை இழுத்துக்கொண்டே இருக்கும். தாடைக்கான அச்சு ஏற்கனவே வாய்க்குள் இருக்கிறது. மேல்தாடைப் பல்வரிசைதான் அது. உடைந்த கீழ்த்தாடையின் பற்கள் மேற்பற்களோடு பழையபடி பொருந்தினால் எலும்பும் ஏறத்தாழத் தன் இடத்துக்கு வந்துவிட்டது என்று அர்த்தம். கட்டுகிற கம்பி, வைக்கிற பிளேட், மாட்டுகிற ரப்பர் எல்லாமே இந்தப் பொருத்தத்தைக் காப்பாற்றுவதற்குத்தான். ஆகவே எக்ஸ்ரேவைப் பார்க்கும் முன்பே கேட்க வேண்டியது "பல்லு சேருதுங்களா?" என்பது.

வளையல் கணக்கு

கீழ்த்தாடை லாட வடிவ எலும்பு. அதன் இரு நுனிகளும் காதுக்குச் சற்று முன்னால் மண்டையோட்டின் குழியில் உட்கார்ந்திருப்பதால் மொத்தத்தில் ஒரு வளையம் ஆகிவிடுகிறது. கண்ணாடி வளையலைத் தரையில் போட்டால் ஒரே இடத்தில் மட்டும் உடையாது. தாடையும் பெரும்பாலும் அப்படித்தான். வலது மோவாய்ப் பக்கம் அடி விழுந்தால் அங்கே ஒரு முறிவு, இடது காதுக்கு முன்னால் மூட்டின் கழுத்தில் இன்னொன்று. கிறுகிறுப்பு வந்து கைகூட ஊன்றாமல் மோவாய் தரையில் மோத விழுகிற பெரியவர்களுக்கு நடுவில் ஒன்றும் இரண்டு மூட்டிலும் ஒவ்வொன்றுமாக மூன்று இருக்கும். மோவாய்க்கு அடியில் ஓர் அங்குல வெட்டு, நாலு தையல், வீட்டுக்குப் போகலாம் என்று அனுப்பப்படுகிறவர்களில்தான் இந்த மூட்டு முறிவு அதிகம் தப்பிவிடுகிறது. வாரம் கழித்து, "வாயத் தொறந்தா கோணிக்குதுங்க" என்று வருவார்கள். மோவாயில் வெட்டு இருந்தால் இரண்டு காதுகளுக்கு முன்னாலும் விரல் வைத்துக்கொண்டு வாயைத் திறந்து மூடச் சொல்லிப் பார்ப்பதற்கு ஒரு நிமிஷம்கூட ஆகாது. வலி, விரலுக்கடியில் அசைவு தெரியாமை, ஒரு பக்கமாகக் கோணுதல், இவற்றில் எது இருந்தாலும் படம் எடுத்தே தீர வேண்டும்.

மற்ற அடையாளங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். நாக்குக்கு அடியில் நீலம்பாரித்த ரத்தக்கட்டு, அடுத்தடுத்த இரண்டு பற்களுக்கு நடுவே திடீரென்று ஒரு படி, கீழுதட்டில் ஒரு பாதி மரத்துப்போவது (பற்களுக்கான நரம்பு எலும்புக்குள்ளேயே ஓடுவதால்), மூட்டுப் பக்கம் முறிந்திருந்தால் சில நேரம் காதிலிருந்து ரத்தம். நாக்கை அழுத்திப் பார்க்கும் மரத்தகட்டைக் கடவாயில் கடிக்கச் சொல்லி முறுக்குவது எளிய சோதனை. தகடு ஒடிகிற வரை கடித்துப் பிடிக்க முடிந்தால் பெரும்பாலும் தாடை முழுசாக இருக்கிறது. வலி தாளாமல் வாயைத் திறந்துவிட்டால் ஓ.பி.ஜி. (தாடை முழுவதையும் ஒரே படத்தில் காட்டும் எக்ஸ்ரே) எடுக்க வேண்டும், அதோடு நேருக்கு நேரான இன்னொரு படமும் வேண்டும். ஒரே கோணத்தில் பார்த்தால் ஒன்றன்மேல் ஒன்று விழுந்த துண்டுகள் ஒழுங்காகத் தெரிந்து ஏமாற்றும். மூட்டு முறிவுக்கும் நொறுங்கின எலும்புக்கும் சி.டி.தான் சரி.

விழுந்த இடத்தில் செய்யக் கூடாதது ஒன்று உண்டு: மல்லாக்கப் படுக்கவைப்பது. மோவாயின் இரு பக்கமும் உடைந்திருந்தால் நடுத்துண்டு பின்னால் நழுவும். நாக்கைப் பிடித்திருக்கும் தசை அந்தத் துண்டில்தான் ஒட்டியிருக்கிறது. துண்டு போனால் நாக்கும் கூடவே தொண்டைக்குப் போகும். நினைவு இருந்தால் முன்னால் குனிந்து உட்காரட்டும், ரத்தமும் எச்சிலும் வெளியே வழியட்டும். நினைவில்லை என்றால் தலையும் கழுத்தும் உடம்போடு ஒரே நேராக இருக்கும்படி பிடித்து ஒருக்களித்துத் திருப்ப வேண்டும், கழுத்திலும் அடிபட்டிருக்கலாம். தாடைக்கும் உச்சந்தலைக்குமாகத் துணியை இறுக்கிக் கட்டினால் வீட்டுப் பெரியவர்கள் "பொணத்துக்குக் கட்டறாப்புல கட்டாத" என்று சத்தம் போடுவார்கள். காரணம் வேறாக இருந்தாலும் சொல்வது சரி. இறுக்கின கட்டு தாடையைப் பின்னால் தள்ளி மூச்சை அடைக்கும், வாந்தி வந்தால் வெளியேற வழியிருக்காது. விழுந்த பல்லை வேரைத் தொடாமல் எடுத்துப் பாலில் போட்டு ஒரு மணி நேரத்துக்குள் கொண்டுவந்தால் திரும்ப நட வாய்ப்பு உண்டு. எண்ணிக்கையில் ஒரு பல் குறைந்து, கையிலும் கிடைக்கவில்லை என்றால் மார்புக்கு ஓர் எக்ஸ்ரே வேண்டும், மூச்சுக்குழாய்க்குள் போயிருக்கலாம். வயதானவர் என்றால் அவருடைய பல் செட்டு இரண்டாக உடைந்திருந்தாலும் பொறுக்கிக்கொண்டு வாருங்கள். பல்லே இல்லாத தாடைக்குப் பழைய கடியை, அதாவது மேலும் கீழும் சேருகிற விதத்தை, காட்டித்தர வேறெதுவும் கிடையாது.

சாலை விபத்து என்றால் முதல் 48 மணி நேரச் சிகிச்சையை அரசு ஏற்கும் திட்டம் 2021 டிசம்பரிலிருந்து தமிழ்நாட்டில் இருக்கிறது. எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும் விபத்துப் பதிவேட்டு நகலைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள், பின்னால் காப்பீட்டுக்கும் கோர்ட்டுக்கும் அதுதான் ஆதாரம். மூச்சுக்கு ஆபத்து இல்லையென்றால் தாடை முறிவு நள்ளிரவில் அவசரமாக ஆபரேஷன் செய்ய வேண்டிய சங்கதி இல்லை. ஓரிரு நாள் தாங்கும். அதற்காக மூன்று வாரம் தாங்காது. எலும்பு தப்பான இடத்தில் ஒட்ட ஆரம்பித்துவிடும். குழந்தைகளுக்கு ஒரு வாரத்திலேயே பிடித்துக்கொள்ளும். பல் இருக்கிற பகுதியில் முறிவு என்றால் ஈறு கிழிந்து வாய்க்கிருமிகள் எலும்பு வரை போயிருக்கும், ஆகவே ஆன்டிபயாட்டிக் முதல் நாளே தொடங்கும்.

கம்பி செய்கிற வேலை

கம்பிக்கும் முன்னால் ஒரு படி இருக்கிறது: ஒன்றும் செய்யாமல் இருப்பது. விரிசல் மட்டும்தான், துண்டு நகரவில்லை, பல் சரியாகச் சேருகிறது, வாய் திறக்கிறது என்றால் நாலிலிருந்து ஆறு வாரம் குழைவான சாப்பாடும் வாரம் ஒருமுறை கடியைப் பார்ப்பதும் போதும். இதுவும் சிகிச்சைதான். ஃபீஸ் கொடுத்துவிட்டு "ஒண்ணும் வேண்டாம்" என்ற பதிலோடு திரும்புவது மட்டும் யாருக்கும் பிடிப்பதில்லை.

கம்பி என்று சொல்வது உண்மையில் ஆர்ச் பார். வளையக்கூடிய மெல்லிய உலோகப் பட்டை, அதில் வரிசையாகக் கொக்கிகள். ஒரு பக்கக் கடவாய்ப்பல்லிலிருந்து மறுபக்கக் கடவாய்ப்பல் வரை அளந்து வெட்டி, மேல்பட்டையின் கொக்கி மேலே பார்க்க, கீழ்ப்பட்டையின் கொக்கி கீழே பார்க்கப் பற்களின் கழுத்தோரம் வைக்கிறார்கள். பிறகு ஒவ்வொரு பல்லையும் சுற்றி 0.4 அல்லது 0.5 மில்லிமீட்டர் தடிமனுள்ள எஃகுக் கம்பி. ஒரு முனை பட்டைக்கு மேலே, மறு முனை பட்டைக்குக் கீழே வந்து, கடிகாரம் சுற்றுகிற திசையில் முறுக்கப்படும். கம்பியை முதலிலேயே பத்தில் ஒரு பங்கு நீளும்படி இழுத்து விட்டுக்கொள்ள வேண்டும். இழுக்காத கம்பி நாலாம் நாள் தானாக நெகிழும். முறுக்கும்போது இழுத்துக்கொண்டே முறுக்க வேண்டும், வெறுமனே திருகினால் முறுக்கு பட்டையில் போய் உட்காராது. இன்னும் ஒரு சுற்று போடலாமா என்ற சந்தேகத்துக்குக் கம்பியே பதில் சொல்லும்: பளபளப்பு மங்கிச் சாம்பல் நிறத்துக்கு வந்துவிட்டால் அடுத்த சுற்றில் அறுந்துவிடும். மிச்ச முனையை வெட்டி, பல்லிடுக்கில் சுருட்டி மடக்காவிட்டால் ஆறு வாரமும் கன்னத்தைக் குத்தும். நடு முன்பற்களைப் பலர் கட்டாமல் விட்டுவிடுவார்கள். அவற்றின் வேர் ஒற்றையாய்க் கூம்பு மாதிரி இருப்பதால் தொடர்ந்து இழுத்தால் பல்லே கழன்று வரப் பார்க்கும்.

பட்டைகள் உட்கார்ந்தபின் மேல் கொக்கிக்கும் கீழ் கொக்கிக்கும் ரப்பரோ கம்பியோ மாட்டி வாயைப் பூட்டுவார்கள். பெரியவர்களுக்கு நாலிலிருந்து ஆறு வாரம், சின்னப் பிள்ளைகளுக்கு அதில் பாதி. பட்டை கட்ட ஒரு மணி நேரம் ஆகும் என்று எலும்பில் நேராக நாலோ ஆறோ ஸ்க்ரூ இறக்கி அவற்றில் மாட்டுகிற முறையும் உண்டு. இருபது நிமிஷத்தில் முடியும், ஈறும் சுத்தமாக இருக்கும். ஆனால் இரண்டு வேர்களுக்கு நடுவே துளை போட வேண்டும், கொஞ்சம் தவறினால் நல்ல பல்லின் வேர் போய்விடும். துண்டுகள் பலவாக இருந்தால் அவற்றைச் சேர்த்துப் பிடிக்கிற சக்தியும் அந்த ஸ்க்ரூவுக்கு இல்லை.

கம்பியின் பெரிய குணம் அதன் மன்னிக்கிற தன்மை. எலும்பு கூடுகிற நாட்களில் ரப்பரின் இழுவை கடியை மெல்ல மெல்லத் தன் இடத்துக்குக் கொண்டுவரும். இன்றைக்கு அரை மில்லிமீட்டர் விலகியிருந்தால் ரப்பரின் திசையை மாற்றி அடுத்த வாரம் சரிசெய்யலாம். இதற்கு விலை பூட்டின வாய். சோமனூர், பல்லடம் பக்கம் தறி ஓட்டுகிறவர் பஞ்சு பறக்கிற கொட்டகையில் வாயைப் பூட்டிக்கொண்டு ஷிப்ட் பார்க்க முடியாது. கட்டுப்படாத வலிப்பு, கடுமையான ஆஸ்துமா, மசக்கை வாந்தி, மனநலக் கோளாறு இருப்பவர்களுக்குப் பூட்டுவது ஆபத்து. வார்டில் அதிகம் மறந்துபோவது குடிப்பழக்கம். தினம் குடிக்கிறவர் ஆஸ்பத்திரியில் படுத்த இரண்டாம் மூன்றாம் நாள் கை நடுங்கும், உளறல் வரும், வலிப்பும் வரலாம். சனிக்கிழமை ராத்திரி விழுந்தவருக்கு ஞாயிறு கம்பி போட்டால் இந்த ஆட்டம் சரியாகப் பூட்டின வாயோடு தொடங்கும். வீட்டார் கூச்சப்பட்டு மறைக்கிற ஒரு வார்த்தை இங்கே உயிர் விஷயம். "தெனமும் கொஞ்சம் போடுவாருங்க" என்று டாக்டரிடம் சொல்லிவிடுங்கள்.

பிளேட் வைக்கிற இடம்

ஒரு மில்லிமீட்டர் கனத்தில் சின்ன பிளேட் வைத்து, எலும்பின் வெளிச்சுவரை மட்டும் பிடிக்கும்படி 2 மில்லிமீட்டர் ஸ்க்ரூ இறக்கும் முறை பிரான்ஸில் வளர்ந்தது. 1973-இல் மிஷலே என்ற டாக்டர் இதைப் பற்றி எழுதினார். ஸ்ட்ராஸ்பூர் நகரத்து டாக்டர் ஷாம்பி எந்த இடத்தில் வைக்க வேண்டும் என்பதை அளந்து 1978-இல் வெளியிட்டார். கனமான முருங்கைக் கிளை ஒன்று பாரம் தாங்காமல் விரிசல் விடும்போது பிளவு மேல்பக்கம்தான் வாய் பிளக்கும், கீழ்ப்பக்கம் நெருங்கும். தாடையும் கடிக்கும்போது பற்கள் இருக்கிற மேல்விளிம்பில் பிளக்கப் பார்க்கும், கீழ்விளிம்பில் நெருங்கும். ஆகவே பிளக்கிற இடத்தில் ஒரு சின்ன பிளேட் போதும், மிச்சத்தைத் தசையின் விசையே பார்த்துக்கொள்ளும். தாடை மூலையில் முறிவென்றால் ஞானப்பல்லுக்கு வெளியே இருக்கும் மேட்டில் ஒரு பிளேட். மோவாய்ப் பகுதியில் ஈரத்துணியைப் பிழிகிற மாதிரி முறுக்கும் விசையும் சேர்வதால் ஒன்றுக்கு மேல் ஒன்றாக நாலைந்து மில்லிமீட்டர் இடைவெளியில் இரண்டு. ஸ்க்ரூவின் நீளம் பெரும்பாலும் 6 அல்லது 8 மில்லிமீட்டர். வெட்டு வாய்க்குள்ளேயே என்பதால் முகத்தில் தழும்பு தெரியாது.

நொறுங்கின எலும்புக்கு இந்தச் சின்ன பிளேட் உதவாது. எலும்புத் துண்டுகள் ஒன்றையொன்று தாங்கும் நிலையில் இல்லாததால் முழுப் பாரத்தையும் பிளேட்டே சுமக்க வேண்டும். அதற்கு 2.4 மில்லிமீட்டர் ஸ்க்ரூ போடுகிற தடித்த பிளேட், நல்ல எலும்பில் இரு பக்கமும் குறைந்தது மூன்று ஸ்க்ரூ, பெரும்பாலும் கழுத்துப் பக்கமாக வெட்டு. உதட்டோரத்தை இறக்கும் நரம்பு அந்த வழியில்தான் ஓடுகிறது. அதை இழுத்தால் சில மாதங்களுக்குச் சிரிப்பு கோணலாக இருக்கும். பல்லெல்லாம் போய் பென்சில் மாதிரி மெலிந்த பாட்டியின் தாடைக்கும் இந்தத் தடித்த பிளேட்தான். பார்க்க விசித்திரம்: எலும்பு மெலிய மெலிய பிளேட் தடிக்க வேண்டும்.

பிளேட் கெட்டுப்போகிற வழிகள் பெரும்பாலும் அது வைக்கப்படும் நேரத்திலேயே தொடங்கிவிடுகின்றன. துளையிடும்போது சலைன் ஊற்றிக் குளிர்விக்காவிட்டால் துளையைச் சுற்றின எலும்பு சூட்டில் செத்துப்போகும். ஸ்க்ரூ அன்றைக்கு இறுக்கமாகத்தான் இருக்கும், மூன்றாம் வாரம் ஆடும். ஆடுகிற ஸ்க்ரூவைச் சுற்றித்தான் சீழ் பிடிக்கும். பிளேட்டை எலும்பின் வளைவுக்கு ஏற்றபடி பொறுமையாக வளைக்காமல் ஸ்க்ரூவை முறுக்கினால், பிளேட் எலும்புக்கு வராது, எலும்பு பிளேட்டுக்குப் போகும். புகையிலை போடுகிறவருக்கும் பீடி குடிக்கிறவருக்கும் காயம் பிளந்து பிளேட் தெரிவது அதிகம். முறிவுக் கோட்டில் மாட்டிய ஞானப்பல்லை எல்லாருக்கும் பிடுங்குவதில்லை. ஆடினாலோ, வேர் உடைந்திருந்தாலோ, சீழ் பிடித்திருந்தாலோ, எலும்பைச் சேரவிடாமல் தடுத்தாலோ எடுத்துவிடுவார்கள். தொந்தரவு இல்லாத டைட்டானியம் பிளேட்டை ஆயுசுக்கும் உள்ளேயே விடலாம். "எலும்பு கூடினதும் எடுத்தரோணுங்களா?" என்று கேட்கிறவர்களுக்குப் பதில், பெரியவர்களுக்கு அவசியமில்லை என்பதே.

கடைசி ஐந்து நிமிஷம்

என் பார்வையில் எல்லாம் திரும்புகிற இடம் ஆபரேஷன் தியேட்டரில் கடைசி ஸ்க்ரூவுக்கு அப்புறம் வரும் ஐந்து நிமிஷம். மயக்கத்துக்கான குழாயை வாய் வழியாகப் போடாமல் மூக்கு வழியாகப் போடுவதே இதற்காகத்தான். வாயை மூடினால்தான் கடி தெரியும், கடி தெரிந்தால்தான் எலும்பைப் பூட்ட முடியும். முதலில் எலும்பைத் திறந்து சுத்தம்செய்து துண்டுகளைச் சேர்க்கிறார்கள். அப்புறம் மேற்பல்லையும் கீழ்ப்பல்லையும் பொருத்தித் தற்காலிகமாகக் கம்பியால் பூட்டுகிறார்கள். பிளேட் போடும் ஆபரேஷனிலும் கம்பி இருக்கிறது, "கம்பியா பிளேட்டா" என்ற கேள்வி இங்கேயே பாதி செத்துவிடுகிறது. அதன் பிறகே பிளேட்டும் ஸ்க்ரூவும்.

மோவாயின் நடுவில் முறிவு, கூடவே மூட்டிலும் முறிவு என்றால் இங்கே ஒரு கண்கட்டு வித்தை நடக்கும். முன்பக்கம் பிளேட்டை இறுக்க இறுக்க வெளிப்பக்கக் கோடு தலைமுடி அளவுக்கு மறைந்து அழகாகிவிடும். அதே நேரம் நாக்குப் பக்கத்தில் எலும்பு விரிந்திருக்கும். லாடத்தின் இரண்டு கால்களும் அகன்று முகம் சதுரமாகிவிடும், கடவாய்ப்பற்கள் உள்பக்கம் சாய்ந்து சேராது. இதைத் தடுக்க உதவியாளர் இரண்டு கைகளாலும் தாடையின் மூலைகளை வெளியிலிருந்து உள்நோக்கி அழுத்திப் பிடிக்க வேண்டும். பிளேட்டையும் எலும்புக்கு ஒட்டினாற்போல் வளைக்காமல், நடுவில் ஒரு மில்லிமீட்டர் அளவு தூக்கி நிற்கும்படி கூடுதலாக வளைக்க வேண்டும். ஸ்க்ரூ இறங்க இறங்க அந்தத் தூக்கல் அமுங்கி உள்பக்கப் பிளவை மூடும்.

எல்லா ஸ்க்ரூவும் ஏறியாயிற்று. பல்லெல்லாம் அழகாகச் சேர்ந்து நிற்கிறது. ஏன் நிற்காது, இன்னும் பூட்டியல்லவா இருக்கிறது? இப்போது அந்தத் தற்காலிகக் கம்பியை வெட்ட வேண்டும். மோவாயைக் கையில் பிடித்து, மூட்டுகள் இரண்டும் தத்தம் குழியில் உட்காரும்படி லேசாக மேலே தாங்கி, தாடையைத் தானாக மூட விட வேண்டும். வலுவில்லாமல் மூடும்போது கடவாய்ப்பற்கள் இரு பக்கமும் ஒரே நேரத்தில் "டக்" என்று தொட்டால் வேலை முடிந்தது. ஒரு பக்கம் முதலில் தட்டி முன்னால் இடைவெளி விட்டால், பூட்டியிருந்தபோது மூட்டு குழியைவிட்டு இறங்கி நின்று கடி சரியாக இருப்பதுபோல் நடித்திருக்கிறது என்று அர்த்தம். அப்போது போட்ட ஸ்க்ரூவை எல்லாம் கழற்றி முதலிலிருந்து தொடங்க வேண்டும். இரண்டு மணி நேர வேலைக்குப் பிறகு யாருக்கும் மனசு வராத காரியம் இது. ரப்பர் போட்டுச் சரிபண்ணிக்கலாம் என்ற சமாதானம் அந்த நேரத்தில் நாவின் நுனியில் இருக்கும். இறுக்கின பிளேட் ரப்பருக்கு மசியாது. இழுவை பல்லை நகர்த்துமே தவிர எலும்பை நகர்த்தாது. கம்பியில் ஆறு வாரம் மெல்லக் கிடைக்கிற மன்னிப்பு பிளேட்டில் இந்த ஐந்து நிமிஷத்துக்குள் கிடைத்தால்தான் உண்டு. உசத்தி, மட்டம் என்ற பேச்சு எனக்கு ஒட்டாததற்குக் காரணம் இதுவே. சரியாக வைத்த பிளேட் நோயாளியை மறுநாளே பேசவும் குடிக்கவும் வைக்கிறது. தவறாக வைத்த பிளேட் அந்தத் தவறைத்தான் உறுதியாகப் பிடித்துக்கொள்கிறது.

மூட்டு வேறு சங்கதி

காதுக்கு முன்னாலிருக்கும் மூட்டின் கழுத்து முறிந்தால் டாக்டர்களுக்குள்ளேயே ஒத்த கருத்து கிடையாது. பல்லுக்கு முறையாக ரப்பர் போட்டு ஓரிரு வாரத்தில் அசைக்கத் தொடங்கினாலே பலருக்குத் தேறிவிடும். துண்டு பத்து டிகிரிக்கு மேல் சாய்ந்திருந்தாலோ, தாடையின் உயரம் இரண்டு மில்லிமீட்டருக்கு மேல் குறைந்திருந்தாலோ திறந்து பிளேட் வைப்பது பெரியவர்களுக்கு நல்லது என்பார் ஒரு சாரார். திறப்பதென்றால் முகத்தை அசைக்கும் நரம்பின் கிளைகளுக்கு இடையே போக வேண்டும். மூட்டுத்தலை மண்டையோட்டுக்குள் ஏறியிருந்தாலோ, என்ன செய்தும் கடி வராவிட்டாலோ மட்டும் வாதத்துக்கே இடமில்லை, திறக்க வேண்டியதுதான்.

மூட்டு முறிந்த பிள்ளைகளுக்கு மாதக்கணக்கில் வாயைப் பூட்டவே கூடாது. ஏழிலிருந்து பத்து நாள், அதன் பிறகு அசைவு. அசையாமல் வைத்த மூட்டில் ரத்தக்கட்டு எலும்பாக மாறி மூட்டு ஒட்டிக்கொண்டால் வாய் திறக்காது, தாடையும் வளராது; பத்து வருஷம் கழித்து மோவாயே இல்லாத முகமாக வந்து நிற்கும். பெரியவர்களுக்கும் பயிற்சி முக்கியம். ஐஸ் குச்சி மாதிரியான தட்டைக் குச்சிகளை அடுக்கிக் கடவாயில் நுழைத்து, ஒரு நாளைக்கு ஐந்தாறு தடவை, ஒவ்வொரு தடவையும் அரை நிமிஷம். இரண்டு நாளைக்கு ஒரு குச்சி கூட்ட வேண்டும். தன்னுடைய மூன்று விரல்களைச் செங்குத்தாக அடுக்கி வாய்க்குள் நுழைக்க முடிவது இலக்கு. கண்ணாடி முன்னால் நின்று, மோவாய் ஒரு பக்கம் கோணாமல் நேராக இறங்குகிறதா என்று பார்த்துக்கொண்டே செய்ய வேண்டும்; முறிந்த பக்கமாகத்தான் கோணும், அதை எதிர்ப்பக்கம் கையால் மெல்லத் தள்ளலாம்.

டம்ளரில் ஆறு வாரம்

வாய் பூட்டினவர் நாலைந்து கிலோ இறங்குவது சாதாரணம். நம் வீடுகளில் உடனே ராகிக் கூழும் கம்மங்கூழும் கரைத்துக் கொடுப்பார்கள். வயிறு நிரம்பும், ஆனால் எலும்பு கூடத் தேவையான புரதம் அதில் கொஞ்சம்தான். திப்பி வேறு கம்பியில் மாட்டும். அரிசிம்பருப்புச் சோறே நல்ல மருந்து. 50 கிராம் அரிசி, 25 கிராம் துவரம்பருப்பு, ஆறு மடங்கு தண்ணீர், ஆறு விசில். தாளிப்பில் கடுகும் கருவேப்பிலையும் வேண்டாம், சீரகத்தூள் போதும். மிக்ஸியில் அடித்து, டீ வடிகட்டியில் வடித்து, ஒரு டீஸ்பூன் நெய் விட்டால் ஏறத்தாழ 300 கலோரி, 9 கிராம் புரதம். கொள்ளு வேகவைத்து அரைத்து வடித்த ரசம், பாசிப்பருப்பும் தேங்காய்ப்பாலும், நன்றாக வேகவைத்த முட்டையைப் பாலோடு அடித்தது, நாட்டுக்கோழி ரசத்தில் கறியையும் அரைத்து வடித்தது, எல்லாமே ஆகும். பச்சை முட்டை வேண்டாம். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு டம்ளர், நாளைக்கு எட்டுக்குக் குறையாமல். கடைசிக் கடவாய்ப்பல்லுக்குப் பின்னால் எல்லாருக்கும் ஒரு சந்து இருக்கிறது. 50 மில்லி சிரிஞ்சின் முனையில் சின்ன ரப்பர் குழாயை மாட்டிக் கன்னத்தோரமாக அங்கே விட்டால் போதும். வெதுவெதுப்புக்கு மேல் சூடு கூடாது. உதடு மரத்திருப்பவருக்குச் சூடு தெரியாது, வெந்து கொப்புளம் வந்த பிறகுதான் தெரியும்.

ஒவ்வொரு டம்ளருக்கும் பிறகு உப்புத் தண்ணீர், காலையும் ராத்திரியும் குளோர்ஹெக்சிடின் (கிருமி கொல்லும் வாய் கொப்பளிக்கும் மருந்து), பிள்ளைகள் பிரஷ்ஷால் பல்லின் வெளிப்பக்கம் தேய்ப்பு, உதட்டுக்குத் தேங்காய் எண்ணெய். குத்துகிற முனைக்கு டாக்டர் தருகிற மெழுகு. மாத்திரைகளைப் பொடித்துக் கொடுக்கும் முன் கேட்டுக்கொள்ளுங்கள். வயிற்றுக்குக் காலையில் போடும் பான்டோப்ரசோல் மாதிரி மேல்பூச்சுள்ளவற்றைப் பொடிக்கக் கூடாது.

ஒரு வயர் கட்டர், ரப்பர் என்றால் ஒரு கத்தரிக்கோல், தலைமாட்டில் எப்போதும் இருக்கட்டும். பீரோவில் பத்திரமாக வைத்தால் பிரயோஜனமில்லை. டிஸ்சார்ஜ் ஆகும் முன் கண்ணாடியில் காட்டச் சொல்லிக் கூட இருப்பவர் பழகிக்கொள்ள வேண்டும்: வெட்ட வேண்டியது மேலிருந்து கீழே ஓடுகிற பூட்டுக் கம்பிகளை மட்டும், பட்டையைப் பல்லோடு கட்டினவற்றை அல்ல. வாந்தி வந்தால் முதலில் முகத்தைக் கவிழ்த்துக் குனிய வைக்க வேண்டும். உள்ளே போனது வெறும் தண்ணிச் சாப்பாடு என்பதால் பல்லிடுக்கு வழியாகவே பெரும்பாலும் வெளியேறிவிடும். மூச்சு திணறினால்தான் கட்டர்.

பூட்டு திறந்தபின் இட்லியும் குழைந்த சோறும் இரண்டு வாரம். முறுக்கு, கரும்பு, எலும்புக் கறி மூன்று மாதத்துக்கு அப்புறம். கீழுதட்டு மரமரப்பு மாதக்கணக்கில் மெல்லத்தான் திரும்பும், எறும்பு ஊர்கிற மாதிரி இருப்பது நல்ல அறிகுறி. இந்த நாட்களில் "எக்ஸ்ரே நல்லாத்தான இருக்கு" என்ற பேச்சை நம்பி ஒரு புகாரை மட்டும் ஒதுக்கிவிடாதீர்கள்: "இந்தப் பக்கம் மொதல்ல படுதுங்க." பல்லிடுக்கில் தலைமுடி ஒன்று மாட்டினால்கூட நமக்குத் தெரிந்துவிடுகிறது, அத்தனை நுட்பமான கருவி ஸ்கேன் சென்டரில் கிடையாது. நீலத்தாளைக் கடிக்கச் சொல்லி எங்கே அழுத்தமாகப் பதிகிறது என்று பார்த்தால், சிலருக்கு ஒரு பல்லின் முனையை லேசாகத் தேய்த்தாலே போதும். பட்டை இன்னும் வாயில் இருந்தால் ஒரு வாரம் ராத்திரியில் ரப்பர். அதற்கும் அடங்காமல் முன்பற்களுக்கு நடுவே நாக்கு நுழைகிற அளவு இடைவெளி என்றால் திரும்பப் படம் எடுக்க வேண்டும், பிளேட்டைக் கழற்ற வேண்டியும் வரலாம். அதைச் சொல்ல மூன்றாம் மாதம் வரை காத்திருக்காமல் மூன்றாம் நாளே சொல்லிவிடுங்கள்.